தாவீது வாங்கிய தாள்கள்

2022ஆம் ஆண்டு ஆகஸ்ட் ஐந்தாம் தேதி மகளுடைய கல்விக் கடனின் முதல் தவணையாக எட்டாயிரத்து எண்ணூற்றுப் பத்து ரூபாயைக் கட்டிய செவிலிமேடு தாவீதுக்கு, மறுநாள் காலையில் பொறியியல் கணிதம் முதல் தாள் தெரிந்துவிட்டது. அதே காலையில் அவருடைய மகள் கிரேஸுக்கு அது தெரியாமல் போனது. தாவீது வாலாஜாபாத்தில் ஓர் அரிசி ஆலையில் மூட்டை தூக்குகிறவர், எட்டாம் வகுப்போடு நின்றவர். ஏழு மணிப் பேருந்தில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவர், முன்சீட்டுக் கம்பியில் விரலால் ஒரு மேட்ரிக்ஸைப் போட்டு அதன் ஐகன் வேல்யூவைக் கண்டுபிடித்துக்கொண்டே போனதில், இறங்க வேண்டிய நிறுத்தத்தைத் தவறவிட்டு ஒன்றரைக் கிலோமீட்டர் நடந்து திரும்பினார். வீட்டில் கிரேஸ் ஒரு நுழைவுத் தேர்வுக்காகப் பழைய நோட்டைத் திறந்து பார்த்தாள். கையெழுத்து அவளுடையதாக இருந்தது, மற்றது எதுவும் அவளுக்குப் புரியவில்லை. தூக்கம் சரியில்லை என்று நினைத்து நோட்டை மூடி வைத்தாள்.

அவள் படித்தது மின்னியல், மின்னணுவியல் பொறியியல். சென்னை நெடுஞ்சாலையில் நெல் வயலை வாங்கிக் கட்டிய கல்லூரி அது. அவள் முடித்த 2021ஆம் வருடம் அங்கே எழுபத்தெட்டுப் பேர் அந்தப் படிப்பை முடித்தார்கள். தொண்ணூறு சதவீதம் பேருக்கு வேலை என்று கல்லூரி வாசலில் பேனர் கட்டியது. பேனரில் இருந்த முகங்கள் பன்னிரண்டு, அதில் மூன்று முகங்கள் முந்தைய வருடத்துப் பேனரிலும் இருந்தவை. கிரேஸின் முகம் இல்லை. நான்கு வருடத்துக்குமாக வாங்கிய கடன் மூன்று லட்சம். படிப்பு முடிந்து ஒரு வருடம் பொறுத்துக்கொண்ட வங்கி, அதற்குள் சேர்ந்த வட்டியோடு நான்கு லட்சத்துப் பத்தாயிரம் என்று கணக்குக் காட்டி, அறுபது தவணையாகப் பிரித்துக் கொடுத்தது. எழுத்துத் தேர்வு, செய்முறை, ப்ராஜெக்ட் எல்லாவற்றையும் கூட்டினால் கிரேஸ் தேறிய தாள்களும் அறுபதுதான். அது தற்செயல் என்று வங்கியில் சொன்னார்கள். இருக்கலாம்.

செப்டம்பரில் இயற்பியல் போனது, அக்டோபரில் டிஜிட்டல் எலக்ட்ரானிக்ஸ். எந்தத் தவணைக்கு எந்தத் தாள் என்பதில் வரிசை ஒன்றும் இல்லை. மூன்றாவது முறை நடந்த பிறகுதான் அப்பாவும் மகளும் ஒருவருக்கொருவர் வாய்விட்டுச் சொல்லிக்கொண்டார்கள். இருவரும் கிளம்பி வங்கி மேலாளர் ஆதிகேசவனைப் போய்ப் பார்த்தார்கள். அவர் ஆச்சரியப்படவில்லை. உத்திரமேரூர் கிளையில் இருந்தபோது இதேபோல ஒரு பி.காம். வந்ததாகவும், அங்கே தாய்மாமன் கட்டியதால் தாய்மாமனுக்குப் போனதாகவும் சொன்னார். "வண்டிக் கடன்னா வண்டி இருக்குது, நகைக் கடன்னா நகை இருக்குது. படிப்புக் கடனுக்கு எங்ககிட்ட அடமானம்னு ஒண்ணும் இல்லைங்க. அதனால கட்டுறவங்க கைக்கு அது போயிடுது போல. பேங்க் இதுல ஒண்ணும் எடுத்துக்கிறது இல்ல. சர்டிஃபிகேட் பாப்பாகிட்டதான இருக்குது?" என்றார். பணத்தை மகளுடைய கணக்கில் போட்டு அங்கிருந்து பிடிக்கச் சொல்லிப் பாருங்கள் என்று ஒரு யோசனையும் சொன்னார். அப்படியே செய்தார்கள். நவம்பர் தவணை கிரேஸின் கணக்கிலிருந்து போனது, பைத்தான் புரோகிராமிங் தாவீதுக்கு வந்தது. கணக்கு யாருடையது என்று அது பார்க்கவில்லை. யார் உடம்பு உழைத்துச் சம்பாதித்த காசு என்று மட்டும் பார்த்தது.

ஆக, கிரேஸின் நிலைமை இதுதான்: அப்பா தவணை கட்டினால், வேலை கிடைப்பதற்குள் தலை காலியாகிவிடும். கட்டாமல் விட்டால் சிபில் என்கிற கடன் மதிப்பெண் கெட்டு, வேலை கொடுக்கிற கம்பெனி அதைப் பார்த்துக் கதவைச் சாத்தும். அவளே கட்டலாம் என்றால் வேலை இல்லை. பதினான்கு கம்பெனிகளுக்குப் போய் வந்தாள். தாவீது ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி பணத்தைக் கட்டிவிட்டு வந்து மகளிடம், "இந்த மாசம் என்னாமா போச்சு?" என்று கேட்பார். அவள் யோசித்துப் பார்த்துச் சொல்வாள். அவர் தலையைக் குனிந்துகொண்டு சாப்பிடுவார். பிள்ளை தட்டிலிருந்து எடுத்துத் தின்கிற மாதிரி இருந்ததாகப் பிற்பாடு மனைவி லில்லியிடம் சொல்லியிருக்கிறார்.

2023 ஜனவரியில் தாவீதுக்கு டைபாய்டு வந்து பன்னிரண்டு நாள் படுத்துவிட்டார். அவருடைய செட்டில் அவரோடு சேர்த்துப் பதினோரு பேர். வாலாஜாபாத் ஆலைகளில் ஒரு செட் இறக்கும் மூட்டைக்கெல்லாம் கூலி மொத்தமாக வரும். மாலையில் டீக்கடையில் வைத்து மேஸ்திரி அதைச் சமமாகப் பங்கு பிரிப்பார். பிரித்து அவரவர் கையில் கொடுக்கும் வரைக்கும் அது எல்லோருடைய காசு. மேஸ்திரி வேலாயுதம் நல்ல மனசுக்காரர். தாவீது படுத்திருக்கிறாரே, தேதி தாண்டினால் அபராதம் போடுவார்களே என்று, பங்கு பிரிப்பதற்கு முன்பே எட்டாயிரத்து எண்ணூற்றுப் பத்தைத் தனியே எடுத்து, தானே வங்கிக்குப் போய்க் கட்டிவிட்டு வந்தார். பிரித்த பிறகு தலைக்கு இவ்வளவு என்று வாங்கித் தாவீது கையில் கொடுத்திருந்தாலாவது வேறு மாதிரி ஆகியிருக்குமோ என்னவோ. மறுநாள் பொறியியல் வரைபடம் என்ற தாள் பதினோரு துண்டாகிப் பதினோரு பேருக்கும் போய்ச் சேர்ந்தது. ஒருவருக்குப் பொருளின் முன்தோற்றம் மட்டும் தெரிந்தது, இன்னொருவருக்குப் பக்கத்தோற்றம். வேலாயுதத்துக்கு மேலிருந்து பார்த்தால் எப்படி இருக்கும் என்பது மட்டும் தெரிந்தது, அதனால் கொஞ்ச நாள் கீழே பார்க்காமல் நடந்து இரண்டு முறை இடறி விழுந்தார். ஆனால் பதினோரு பேரும் சேர்ந்து நின்று அடுக்கினால் அடுக்கு நூல் பிடித்த மாதிரி வரும். அந்த ஆலையில் அதற்குப் பிறகு எந்த அடுக்கும் சாயவில்லை. இது இன்றைக்கும் அங்கே போனால் பார்க்கலாம்.

மார்ச் மாதத் தவணைக்கு மின் இயந்திரங்கள் வந்தது. இந்தத் தாளை நடத்தியவர் தையல்நாயகி என்ற ஆசிரியை. ஒரு நாள் விடுப்பு எடுக்காமல் ஐந்து யூனிட்டையும் முடித்தவர் என்பதால், தாவீதுக்கு அது குறையில்லாமல் வந்து சேர்ந்தது. மே மாதத்தில் லில்லி, தான் கூட்டிப் பெருக்குகிற கல்யாண மண்டபத்துச் சம்பளத்தில் சேர்த்து வைத்திருந்ததை எடுத்து ஒரு தவணை கட்டினாள். அவளுக்குக் கன்ட்ரோல் சிஸ்டம்ஸ் வந்தது, அதுவும் இரண்டே இரண்டு யூனிட். கல்லூரி ஆறு மாதமாகச் சம்பளம் கொடுக்காததால் அந்தத் தாளுக்கு இருந்த ஆசிரியர் பாதி செமஸ்டரில் நின்றுவிட்டார். மீதி மூன்று யூனிட்டை ஜெராக்ஸ் நோட்டை மனப்பாடம் செய்து எழுதித்தான் எல்லோரும் தேறினார்கள், அதனால் போவதற்கு அங்கே ஒன்றும் இல்லை. "முழு காசு கட்டிக்கினு அரைப் படிதான் அளந்து குடுத்திருக்கிறானுங்க" என்று லில்லி பார்த்தவர்களிடமெல்லாம் சொன்னாள். கோபம் நியாயமானது. கல்லூரிக்குப் போய்க் கேட்கவும் போனாள். வாட்ச்மேன் உள்ளே விடவில்லை.

ஜூன் மாதம் ஆலையில் முப்பது குதிரைத்திறன் மோட்டார் ஒன்று ஸ்விட்ச் போட்டதும் உறுமுவதும் ஓடாமல் நிற்பதுமாக இருந்தது. அறவை நின்றுபோய் வெளியே நான்கு லாரி காத்திருந்தது. மூட்டையோடு அந்தப் பக்கம் போன தாவீது அந்தச் சத்தத்தைக் கேட்டு நின்றார். மூட்டையை இறக்கி வைத்துவிட்டு ஆலை முதலாளி அப்துல் ரஹ்மானிடம் போய், "பாய், மூணு ஃபேஸ்ல ஒண்ணு வரல. ஸ்டார்ட்டர்ல பாயிண்ட் கருகியிருக்கும். அமுத்திக்கினே இருந்தா காயில் போயிடும்" என்றார். அப்துல் ரஹ்மான் முப்பது வருடமாக அரிசி வியாபாரம் செய்பவர், எந்த மூட்டையில் எது இருக்கும் என்று கேட்டுக்கொண்டிருக்கிற வழக்கம் அவருக்கு இல்லை, திறந்து பார்ப்பார். திறந்து பார்த்தார்கள், கருகியிருந்தது. அன்றிலிருந்து தாவீது மூட்டை தூக்கவில்லை. மாதம் இருபத்தோராயிரம் சம்பளத்தில் மோட்டார், ஸ்டார்ட்டர், எலிவேட்டர் எல்லாவற்றுக்கும் அவர்தான் ஆள். ஐம்பத்தோரு வயது, இரண்டு முட்டியிலும் வலி. அந்த வேலை அவருக்குச் சரியான நேரத்தில் வந்தது. அவர் சந்தோஷமாக இருந்தார். பின்னால் நடந்ததைப் புரிந்துகொள்ள இது தெரிய வேண்டும்: பிறந்ததிலிருந்து அவர் அவ்வளவு சந்தோஷமாக இருந்ததில்லை.

அந்த ஆகஸ்டில் கிரேஸுக்குக் காஞ்சிபுரம் காந்தி ரோட்டில் ஒரு பட்டுப் புடவைக் கடையில் பில் போடுகிற வேலை கிடைத்தது. சம்பளம் ஒன்பதாயிரத்து ஐந்நூறு. பக்கத்து கவுன்டரில் பார்சல் கட்டுகிற பெண் எம்.எஸ்ஸி. படித்தவள், வாசலில் ஆட்டோக்காரர்களுக்கு டீ வாங்கிக் கொடுத்து ஆள் பிடிக்கிற பையன் எம்.பி.ஏ. பதினான்காவது தவணையிலிருந்து கிரேஸ் தன் சம்பளத்தில் கட்டினாள், தாள்கள் அவளிடமே நின்றன. மிச்சம் இருந்த அறுநூற்றுத் தொண்ணூறு ரூபாயில் பஸ்ஸுக்குப் போய்வந்தாள், மாதக் கடைசி வாரத்தில் நடந்து போனாள். அதுவரைக்கும் போனது பதின்மூன்று. இதற்கிடையில், போன தாளைத் திரும்ப வாங்கலாம் என்பதையும் அவள் அந்தக் கடையிலேயே தெரிந்துகொண்டாள். எம்.எஸ்ஸி. பெண் தன் அண்ணனிடமிருந்து அப்படி இரண்டு தாளை மீட்டிருந்தாள். யாரிடம் போனதோ அவர் கையில் அதே தொகையை, சொந்தமாக உழைத்த காசாகக் கொடுக்க வேண்டும். அவரும் அதை வாங்கிக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான்.

2024 தீபாவளிக்குக் கடையில் அவளுக்கு ஒன்பதாயிரம் போனஸ் கொடுத்தார்கள். அதே வாரம் ஒரகடத்தில் ஒரு தொழிற்சாலையிலிருந்து கடிதம் வந்தது. பராமரிப்புப் பிரிவுக்குப் பயிற்சிப் பொறியாளர், மாதம் இருபத்திரண்டாயிரம், நேர்முகத் தேர்வு நவம்பர் பதினெட்டு, கேள்விகள் மின் இயந்திரங்கள் பாடத்திலிருந்து. கிரேஸ் அந்தக் கடிதத்தை மூன்று நாள் பைக்குள்ளேயே வைத்திருந்தாள். அப்பாவின் வேலையே அந்தத் தாளில்தான் நிற்கிறது என்று அவளுக்குத் தெரியாதா? தெரியும். அதைக் கேட்க வெட்கமாக இருந்தது. கேட்காமல் இருக்கவும் முடியவில்லை, ஏனென்றால் மூன்று வருடத்தில் அவள் படிப்பின் பெயரைச் சொல்லி வந்த முதல் கடிதம் அது. கடைசியில் லில்லிதான் பையில் அதைப் பார்த்துவிட்டு இரண்டு பேரையும் எதிரெதிரே உட்கார வைத்தாள்.

தாவீது கடிதத்தை இரண்டு முறை படித்தார். "எடுத்துக்கோமா. உன்னுது தான" என்றார்.

"உனுக்கு வேலை பூடும்பா" என்றாள் கிரேஸ்.

"வேலை எங்க பூடும்? மூட்டை அங்கதான் இருக்குது" என்றார் அவர்.

லில்லி எழுந்து போய் வாசலில் நின்றுகொண்டாள். கிரேஸ் எட்டாயிரத்து எண்ணூற்றுப் பத்தை எண்ணிக் கொடுத்தாள், தாவீது எண்ணாமல் வாங்கிக்கொண்டார். மறுநாள் ஆலையில் எலிவேட்டர் மோட்டார் நின்றபோது அவர் அதன் எதிரே போய் நின்றார். சத்தம் கேட்டது, அது வெறும் சத்தமாக இருந்தது. அப்துல் ரஹ்மானிடம் போய், "மகளுக்குக் குடுத்துட்டேன் பாய்" என்று மட்டும் சொன்னார். அப்துல் ரஹ்மானும் மூன்று பெண்களைப் படிக்க வைத்தவர். சரி என்று சொல்லிவிட்டு, ஒரு தடவைக்கு ஆயிரத்து ஐந்நூறு கேட்கிற மெக்கானிக்கைக் காஞ்சிபுரத்திலிருந்து கூப்பிட்டார். தாவீது சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு, தலைத்துண்டைக் கட்டிக்கொண்டு செட்டோடு போய்ச் சேர்ந்தார். வேலாயுதம் அவருக்குப் பங்கில் இடம் விட்டார்.

நவம்பர் பதினெட்டு நேர்முகத் தேர்வு பன்னிரண்டு நிமிடம் நடந்தது. உங்களைப் பற்றிச் சொல்லுங்கள் என்றார்கள். அரியர் இருக்கிறதா என்று கேட்டார்கள், இல்லை. நைட் ஷிப்ட் வர முடியுமா, முடியும். இரண்டு வருடத்துக்குள் கல்யாணமா, தெரியாது. கம்பெனி பஸ் மூங்கில் மண்டபத்தில் நிற்கும், அங்கே வந்து ஏற முடியுமா, முடியும். சிபில் பார்த்தார்கள், நன்றாக இருந்தது. மின் இயந்திரங்கள் ஐந்து யூனிட்டும் அவள் தலைக்குள் தயாராக உட்கார்ந்திருந்தது, அதை யாரும் எழுப்பவில்லை. பராமரிப்பில் இப்போது இடம் நிறைந்துவிட்டது, தரப் பரிசோதனையில் சேருங்கள், பதினேழாயிரத்து ஐந்நூறு என்றார்கள். சேர்ந்தாள். பெல்ட்டில் வரும் பெட்டிகளின் லேபிளை ஒரு ஸ்கேனரால் தொட வேண்டும், பச்சை வந்தால் விட வேண்டும், சிவப்பு வந்தால் எடுத்து வைக்க வேண்டும். அவளைச் சுற்றி அந்த வேலையைச் செய்த நாற்பது பேரும் பொறியாளர்கள்.

முதல் மாதச் சம்பளம் வந்த அன்று அவள் அப்பாவிடம் தாளைத் திருப்பி எடுத்துக்கொள்ளச் சொன்னாள். அதற்கு முறை ஒன்றுதான், தாவீது தன் உழைப்பில் எட்டாயிரத்து எண்ணூற்றுப் பத்து சேர்த்து அவள் கையில் கொடுக்க வேண்டும். அவள் கொடுத்த பணம் பெட்டியில் அப்படியே இருந்தது, ஆனால் அது அவளுடைய வியர்வை, அதற்குச் செல்லாது. தனியாக ஒரு மூட்டை இறக்கினால் கூலி எட்டு ரூபாய். வீட்டுக்குக் கொடுப்பது போக, செட் கலைந்த பிறகு தனியாக நின்று இறக்கும் மூட்டையில்தான் இதைச் சேர்க்க முடிந்தது. ஆயிரத்து நூற்றிரண்டு மூட்டை. ஒரு நாளைக்குப் பத்து, பன்னிரண்டு, முட்டி கேட்காத நாளில் ஒன்றும் இல்லை. லில்லி முட்டிக்குச் சூடான தவிட்டு ஒத்தடம் கொடுத்துக்கொண்டே கல்லூரியையும் வங்கியையும் தொழிற்சாலையையும் வரிசையாகத் திட்டுவாள். கிரேஸ் ஷிப்ட் முடிந்து வந்து பார்த்துவிட்டு முகம் கழுவப் போய்விடுவாள், நேரம் கழித்துத்தான் திரும்பி வருவாள். 2025 ஏப்ரல் மூன்றாம் தேதி தாவீது முழுத் தொகையையும் கொண்டுவந்து மகள் கையில் கொடுத்தார். மறுநாள் காலையில் ஆலைக்குள் நுழைந்ததும், மூலையில் ஓடிக்கொண்டிருந்த மோட்டாரில் பேரிங் தேய்ந்திருக்கிறது என்று சொன்னார். அப்துல் ரஹ்மான் மெக்கானிக்குக்குப் போன் செய்து இனி வர வேண்டாம் என்றார்.

அந்தப் பணத்தை வைத்துக்கொண்டு கிரேஸ் ஒரு காரியம் செய்தாள். ஐந்தாம் தேதித் தவணையை அதிலிருந்தே கட்டிவிட்டாள். அது அப்பா தூக்கிய மூட்டைக் காசு என்பதால் மின் பகிர்மானம் என்ற தாளும் அவருக்கே போனது. மறந்துபோய்க் கட்டியதாக அவள் சொல்கிறாள். தெரிந்துதான் செய்தாள் என்று லில்லி சொல்கிறாள். லில்லி சொல்வதுதான் சரியாக இருக்க வேண்டும், ஏனென்றால் மே மாதத்திலிருந்து வீட்டில் ஏற்பாடே மாறிவிட்டது. கிரேஸின் சம்பளத்தில் அரிசியும் வாடகையும், தாவீதின் சம்பளத்தில் தவணை. மாதம் ஒரு தாள் அவர் பக்கம் போய்க்கொண்டிருக்கிறது. ஆலைக்கு வந்த மின்வாரியத்துக்காரர்களோடு டிரான்ஸ்பார்மரைப் பற்றி அவர் நின்று பேசுகிறார், அவர்களும் நின்று கேட்கிறார்கள். சம்பளம் இப்போது இருபத்தாறாயிரம். கிரேஸுக்கு வருத்தம் இல்லை என்று எழுதினால் பொய். கல்லூரியில் ராத்திரி பகலாகப் படித்ததெல்லாம் எங்கே போனது என்று சில நாள் பஸ்ஸில் நினைத்துக்கொள்வாள். எங்கே போனது என்பது தெரியும் என்பதால் கொஞ்ச நேரத்தில் தூங்கிவிடுவாள்.

டிசம்பர் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரை மணிக்கு அவளுக்குக் கல்லூரியிலிருந்து ஒரு போன் வந்தது. தரச்சான்றுக் குழு வரப்போகிறதாம், படித்து முடித்தவர்கள் எப்படி இருக்கிறார்கள் என்று கணக்கெடுக்கிறார்களாம். பேசிய பெண் புதிதாகச் சேர்ந்தவள் போல, படிவத்தைப் பார்த்து ஒவ்வொன்றாகக் கேட்டாள். வேலையில் இருக்கிறீர்களா, இருக்கிறேன். மாதச் சம்பளம் எவ்வளவு, பத்தொன்பதாயிரத்து இருநூறு. கல்விக் கடன் பாக்கி இருக்கிறதா, பத்தொன்பது தவணை. அடுத்த கேள்விக்கு கிரேஸ் ஒரு நிமிஷம் இருங்கள் என்று சொல்லி, போனை அப்பாவிடம் கொடுத்தாள். தாவீது கையைத் துடைத்துக்கொண்டு வாங்கினார்.

"அங்க படிச்ச படிப்பு இப்ப பாக்குற வேலைக்குப் பயன்படுதாங்க?" என்று அந்தப் பெண் மறுபடியும் கேட்டாள்.

"பயன்படுதுமா. தெனமும் பயன்படுது" என்றார் தாவீது.

எந்தத் துறை என்று கேட்டாள். ரைஸ் மில்லில் மோட்டார் வேலை என்று சொன்னார். படித்த துறையிலேயே வேலை என்று அவள் குறித்துக்கொண்டாள். வயது கேட்டாள், ஐம்பத்து மூன்று என்றார். அந்தப் பெண் தயங்கவில்லை, உறவுமுறை என்று இருந்த கட்டத்தில் அப்பா என்று எழுதினாள். அன்று காலையிலிருந்து அவள் அப்படி எழுதியது அது ஏழாவது தடவை.